காகபிந்து வைரமும் சிந்தாமணியும்

மனத்தில் நினைப்பதை அறிந்து அதைக் கொடுக்கும் கல்லுக்கு நம் கதைகள் வைத்த பெயர் சிந்தாமணி. எந்தச் சுரங்கத்திலும் அதை யாரும் தோண்டி எடுத்ததில்லை, தேவலோகத்தோடு அது நின்றுவிட்டது. நாள்தோறும் பொன் சுரந்த சியமந்தகமும், பாம்பின் தலையில் ஒளிர்ந்த நாகரத்தினமும் அதே குடும்பம்தான். கற்பனை உலகில் இவற்றுக்கு இடம் உண்டு, அதில் எனக்கு வழக்கில்லை. ஆனால் மோதிரத்தில் பதித்த கல் மனக்குழப்பத்தைத் தீர்க்கும், எதிரியின் எண்ணத்தை மாற்றும் என்று விற்பவர்கள் "இது நம் முன்னோர் கண்ட உண்மை" என்று சேர்த்துச் சொல்லும்போதுதான் வரலாறு குறுக்கிட வேண்டியிருக்கிறது. முன்னோரில் ரத்தினங்களை அள்ளிக் கொடுத்தவர்கள் யார், அவற்றைப் பற்றி என்ன எழுதி வைத்தார்கள் என்பதற்கு நம்மிடம் கல்லிலேயே சாட்சியம் இருக்கிறது. அது கடைக்காரர் சொல்லும் கதையோடு ஒத்துப்போகவில்லை.

அந்தச் சாட்சியத்தை இன்றைய ஊர் ஒன்றிலிருந்து தேடத் தொடங்குவோம். தடாவை ஒட்டி, சத்தியவேடு பக்கம் 2008இல் எழுந்த தொழில் நகரமான ஸ்ரீ சிட்டி இன்று திருப்பதி மாவட்டத்தில் இருக்கிறது. மண்ணோ பழைய தொண்டை மண்டலத்து மண். இந்த மாவட்டத்தின் பெரிய கோயிலான திருமலையில் கிடைத்த பழைய கல்வெட்டுகளில் பெரும்பகுதி தமிழ். அவற்றைத் தேவஸ்தானம் 1931 முதல் தொகுதி தொகுதியாக அச்சிட்டது. அவற்றில் காடவன் பெருந்தேவி என்ற சாமவை செய்த கொடை புகழ்பெற்றது. அதன் காலத்தை 614 என்று சொன்னவர்களும் உண்டு, 966 என்பதே இன்று பெரிதும் ஏற்கப்படுவது. வெள்ளியால் ஒரு திருமேனி செய்துவைத்து, முடி முதல் பாதம் வரை அணிகள் பூட்டி, எந்த அணியில் என்ன கல் இருக்கிறது என்பதை அந்த அம்மையார் எழுதச் சொன்னார். புரட்டாசித் திருவிழா நடக்க நிலமும் விட்டார். கல் எதற்கு ஆகும், எந்தக் கிரகத்தைச் சாந்தப்படுத்தும் என்ற பேச்சே அதில் இல்லை. 1513இல் திருமலைக்கு வந்த கிருஷ்ணதேவராயர் நவரத்தின முடி சாத்தியதைப் பதித்த கல்வெட்டும் கணக்காகத்தான் இருக்கிறது.

கணக்கு எழுதுபவர் நம்பிக்கையை ஏன் எழுதப்போகிறார், மௌனத்தை மறுப்பாக எடுத்துக்கொள்ளலாமா என்று கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். அதனால் மௌனத்தை விட்டுவிட்டு, வாய்திறந்து பேசும் ஒரு சான்றுக்கு வருகிறேன். அதற்குத் தஞ்சைக்குப் போக வேண்டும். ராஜராஜனின் 29ஆம் ஆட்சியாண்டு (1014) வரை பெரிய கோயிலுக்கு வந்த அணிகலன்களின் பட்டியலைக் கல்வெட்டறிஞர் ஹுல்ட்ஷ் 1891 முதல் பதிப்பித்தார். பொன்னை 'ஆடவல்லான்' என்னும் எடைக்கல்லாலும், ரத்தினங்களை 'தக்ஷிணமேருவிடங்கன்' என்னும் எடைக்கல்லாலும் நிறுத்திருக்கிறார்கள். சரடு, சட்டம், செப்பாணி எல்லாவற்றையும் கழித்துவிட்டு எடை சொல்கிறார்கள். முத்துகளில் மட்டும் வட்டம், அனுவட்டம், குறுமுத்து, கறடு, இரட்டை, சப்பத்தி என்று எத்தனை இனம்! வைரங்களைச் சொல்லும்போது முறிந்தவையும், ரக்தபிந்து, காகபிந்து உள்ளவையும், வெந்தவையும் உட்பட என்று ஒளிக்காமல் எழுதுகிறார்கள். சிவப்புப் புள்ளி, கரும்புள்ளி என்ற இந்தக் குற்றங்கள் ரத்தின சாத்திரத்தின் கலைச்சொற்கள். ஆறாம் நூற்றாண்டில் பிருகத் சம்ஹிதை எழுதிய வராகமிகிரர், குற்றமுள்ள வைரம் அணிபவருக்குச் சுற்றமும் செல்வமும் உயிரும் அழியும் என்று எச்சரித்தவர். சாத்திரத்தின் சொல் தெரிந்தவர்கள் அந்தச் சாத்திரத்தின் அச்சத்தைப் பொருட்படுத்தவில்லை என்பதே நான் காண்பது. காகபிந்து உண்மையிலேயே குடிகெடுக்கும் என்று பயந்திருந்தால், சோழநாட்டின் தலைமைக் கோயிலில் இறைவன் மேனிக்கு அதை ஏற்றியிருப்பார்களா?

தோஷமுள்ள கல்லைத் தெய்வத்தின் தலையில் கட்டிக் கழித்துக்கொண்டார்கள் என்று ஒரு சமாதானம் சொல்லலாம். ஆனால் பரிகாரமாகக் கொடுத்தவர் அதைத் தனியே கொடுத்திருப்பார். இங்கோ நல்ல கல்லும் குற்றக் கல்லும் ஒரே அணியில், ஒரே எண்ணிக்கையில், ஒரே நிறையில் வருகின்றன. குற்றத்தைக் குறித்ததற்குக் காரணம் வேறாகத்தான் இருக்க வேண்டும். நாளை பண்டாரத்தைச் சரிபார்ப்பவர் கல் மாற்றப்பட்டதா என்று கண்டுபிடிக்க மச்சம்போல் ஒரு அடையாளம் வேண்டும். கல்லின் சக்தியைவிடக் கல்லைத் திருடும் கைகளை அவர்கள் நன்றாக அறிந்திருந்தார்கள் போலும்!

வராகமிகிரரையே சாட்சிக்கு அழைப்பவர்கள் அவருடைய அதே அத்தியாயங்களில் வைரத்துக்கும் முத்துக்கும் எடைவாரியாக விலை சொல்லியிருப்பதையும் படிக்க வேண்டும். குற்றம் இருந்தால் விலை இறங்கும், இது சந்தை. குற்றம் இருந்தால் உயிர் போகும் என்பது அந்தச் சந்தையின்மேல் ஏறிய கதை.

கல்லுக்குச் சக்தியே கிடையாதா என்றால், உண்டு. இலங்கையிலிருந்து டச்சு வணிகர்கள் கொண்டுபோன டூர்மலின், சூடாக்கினால் சாம்பலை இழுத்தது. பதினெட்டாம் நூற்றாண்டு ஐரோப்பா வியந்து பார்த்த அந்த இழுப்புக்குக் காரணம் மின்சாரம் என்று 1756இல் அறிவியலாளர் ஏப்பினஸ் காட்டினார். படிகத்தை அழுத்தினால் மின்னழுத்தம் பிறக்கும் என்று 1880இல் கியூரி சகோதரர்கள் கண்டார்கள். அதன் மறுதலையால்தான் கைக்கடிகாரத்துப் படிகம் நொடிக்கு 32,768 முறை அதிர்கிறது. ஸ்ரீ சிட்டியில் 2015 முதல் தயாராகும் கைப்பேசிகளுக்குள்ளும் துடிப்பு தருவது படிகம்தான். இந்தச் சக்தி யார் கையிலும் ஒரே மாதிரி வேலை செய்கிறது, அளக்க முடிகிறது, ஜாதகம் கேட்பதில்லை. மனத்தைத் திருப்பும் சக்தி இப்படி ஒருமுறைகூட அளவுக்கு வந்ததில்லை.

அளக்காமல் நம்புவதற்கு விலையும் உண்டு. இடி விழுந்து சக்தி ஏறிய இரிடியம் கலசம், அரிசியை இழுக்கும், கோடிக்கு விலைபோகும் என்று தமிழ்நாட்டிலும் ஆந்திரத்திலும் 'ரைஸ் புல்லிங்' என்ற பெயரில் மோசடி தொடர்ந்து நடக்கிறது. அரிசியில் இரும்புத்தூளும் பாத்திரத்தில் காந்தமும்தான் அதன் ரகசியம். அப்படியொரு கலசத்தை யாராவது காட்டினால் முன்பணம் கொடுக்காதீர்கள், காவல் நிலையத்துக்குச் சொல்லுங்கள். ராசிக்கல் வாங்கியே தீர்வது என்றால், தஞ்சைக் கணக்கர்களைப்போல எடையையும் குற்றத்தையும் எழுதி வாங்குங்கள்.