மனுவும் மிதிவண்டியும்

1897ஆம் ஆண்டு மே 21ஆம் நாள். இங்கிலாந்து நாட்டின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக மன்றத்தின் எதிரே, ஒரு கட்டடத்தின் மாடிச் சன்னலிலிருந்து பொம்மை ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது. பெண் பொம்மை. மிதிவண்டிமேல் அமர்த்தப்பட்ட பெண் பொம்மை!

மன்றத்திலே அன்று வாக்கெடுப்பு. தேர்வெழுதித் தேறும் பெண்களுக்கும் பட்டம் தரலாமா, கூடாதா என்பதே கேள்வி. கூடாது என்றோர் 1,700 பேருக்கும் மேல். தரலாம் என்றோர் 700 பேரைக்கூட எட்டவில்லை. முடிவு தெரிந்ததும் மாணவர்கள் ஆர்ப்பரித்தனர். பொம்மையை இறக்கினர், கிழித்தனர், சிதைத்தனர். சிதைந்த துண்டுகளைத் தூக்கிச் சென்று, பெண்கள் பயின்ற நியூனம் கல்லூரியின் வாயிற்கதவிலே திணித்துவிட்டுத்தான் ஓய்ந்தனர். அப்பல்கலைக்கழகம் பெண்ணுக்குப் பட்டம் தர முன்வந்தது 1948இல். அரை நூற்றாண்டு கடந்த பிறகு!

பட்டத்தை மறுக்க வந்தவர்கள் பொம்மையின் கையில் ஏட்டைக் கொடுத்திருக்கலாம், எழுதுகோலைக் கொடுத்திருக்கலாம். மிதிவண்டியின்மேல் ஏற்றுவானேன்? அந்த மாணவர்கள் மூடர்கள்தாம். ஆயினும் ஒன்றை மட்டும் தெளிவாக உணர்ந்திருந்த மூடர்கள். ஏடும் மிதிவண்டியும் பெண்ணை ஒரே இடத்துக்கு, அதாவது அவள் விரும்பும் இடத்துக்குக் கொண்டுசெல்லும் என்பதை அவர்கள் அறிந்திருந்தனர்.

நம் நாட்டு மனுவுக்கு மிதிவண்டி தெரியாது. தெரிந்திருந்தால் ஒரு சுலோகம் கூடுதலாகவே எழுதியிருப்பார்! இளமையில் தந்தை, பருவத்தில் கணவன், முதுமையில் மகன் என மூன்று காவலரை அவர் பெண்ணுக்கு நியமித்தார். நம் தெருக்களிலே ஒரு நூற்றாண்டாக நாம் கண்ட காட்சியும் அதுதானே? மிதிவண்டியின் பின்புறக் கேரியரிலே, ஒருபுறமாகக் கால்களைத் தொங்கவிட்டு அமர்ந்திருக்கிறாள் பெண். மிதிப்பவர் முதலில் தந்தை, பிறகு கணவன், பிறகு மகன். ஆள் மாறுகிறார், அவள் இடம் மாறுவதில்லை. மனு தர்மத்திற்கு இதனினும் தெளிவான உரை எந்த மடத்திலும் கிடையாது.

மேலைநாட்டிலும் மனுக்கள் இருந்தனர். அங்கே அவர்கள் சிலர் மருத்துவர் உருவில் வந்தனர். மிதிவண்டி ஓட்டும் பெண்ணின் முகம் இறுகிப்போகும், கண்கள் பிதுங்கும் என்றனர். 'மிதிவண்டி முகம்' என்று அந்நோய்க்குப் பெயரும் சூட்டினர். நோய் வந்தவர்தாம் யாருமில்லை.

1924இல் இத்தாலி நாட்டைச் சுற்றிவரும் பெரும் பந்தயத்திலே ஆடவர்களோடு ஒரே ஒரு பெண் புறப்பட்டார். அல்ஃபோன்சினா ஸ்ட்ராடா என்பது அவர் பெயர். தொலைவு 3,600 கிலோமீட்டருக்கும் மேல். மலை, மழை, சேறு! இடையிலே கைப்பிடி உடைந்தது. துடைப்பக் கட்டையொன்றை அங்கே பொருத்திக்கொண்டு ஓட்டினார். குறித்த நேரம் கடந்து வந்தார் என அன்று அவரைப் பந்தயக் கணக்கிலிருந்து நீக்கினர். நீக்கிய பின்னும் அவர் நிற்கவில்லை. மிலான் வரை ஓட்டி முடித்தார். புறப்பட்ட 90 பேரில் பட்டியலில் இடம்பெற்று முடித்தவர் 30 பேர்தாம். மற்ற ஆடவரின் உடல் வலிமையைப் பற்றி எவரும் ஆராய்ச்சி நடத்தவில்லை. பின்வந்த ஆண்டுகளில் ஸ்ட்ராடாவுக்கு அப்பந்தயத்தில் இடமும் தரப்படவில்லை.

சாலைப் பந்தயத்தில் உலக வாகையர் யார் என முடிவுசெய்யும் போட்டி ஆடவர்க்கு 1921இலேயே தொடங்கிவிட்டது. பெண்களுக்கு அந்த வாயில் திறந்தது 1958இல். அவ்வாண்டு ஆகஸ்ட் 30ஆம் நாள், பிரான்சு நாட்டின் ரெய்ம்ஸ் நகரில், லக்சம்பர்க் என்னும் சின்னஞ்சிறு நாட்டைச் சேர்ந்த எல்சி யாகோப்ஸ் முதல்வராக வந்து, நீலம், சிவப்பு, கறுப்பு, மஞ்சள், பச்சை எனும் ஐந்து பட்டைகள் கொண்ட வெண்ணிற வாகைச் சட்டையை அணிந்தார். அதே ஆண்டு நவம்பரில் மிலான் நகரின் ஓடுதளத்தில் ஒரே மணி நேரத்தில் 41.347 கிலோமீட்டர் ஓட்டிக் காட்டினார். 1972 வரை வேறெந்தப் பெண்ணும் அதை விஞ்சவில்லை.

ரெய்ம்ஸ் நகரில் பெண்களுக்கு விதிக்கப்பட்ட தொலைவு ஏறத்தாழ 60 கிலோமீட்டர். ஆடவர்க்கோ 270 கிலோமீட்டருக்கும் மேல்! பெண் தாங்கமாட்டாள் என்பது வல்லுநர் கணிப்பு. ஒலிம்பிக் விழாவில் ஆடவர் சாலைப் பந்தயம் 1896இல் தொடங்கியிருக்க, பெண்களுக்கு 1984 வரை கதவு அடைத்தே கிடந்தது. லாஸ் ஏஞ்செல்சில் அது திறந்தபோது வைத்த தொலைவு 79 கிலோமீட்டர். 2025இல் ருவாண்டா நாட்டின் கிகாலி நகரில், ஆப்பிரிக்க மண்ணில் முதன்முறையாக உலகப் போட்டி நடந்தது. அங்கே பெண்கள் ஓட்டியது 164 கிலோமீட்டருக்கும் மேல், அதுவும் குன்றுகள்மீது! இடைப்பட்ட அறுபத்தேழு ஆண்டுகளில் பெண்ணின் எலும்பு மாறியதா? நுரையீரல் இரட்டித்ததா? விதி எழுதியவர்களின் கை நடுங்கியது, எழுத்து மாறியது. அவ்வளவுதான்.

அந்த ஐந்து வண்ணச் சட்டையை இந்தியப் பெண் எவரும் இதுவரை அணிந்ததில்லை. ஆனால் அதைவிடப் பெரிய பந்தயம் ஒன்று நம் தமிழ்நாட்டிலே நடந்திருக்கிறது. புதுக்கோட்டையிலே!

புதுக்கோட்டை பெண் வரலாற்றுக்குப் புதிய ஊரன்று. ஆடவரே பயின்ற மன்னர் கல்லூரியில், எதிர்ப்புகளுக்கிடையே, திரைக்குப் பின்னே அமர்ந்து பாடம் கேட்ட முத்துலட்சுமி பிறந்த மண் அது. பின்னாளில் அவர் மருத்துவரானார், சட்டமன்றம் புகுந்தார், தேவதாசி முறையின் வேரில் வெந்நீர் ஊற்றினார். அதே மாவட்டத்தில் 1991இல் அறிவொளி இயக்கம் தொடங்கியது. ஆட்சித் தலைவராக இருந்தவர் ஷீலாராணி சுங்கத். எழுத்தறியாப் பெண்களுக்கு எழுத்தைக் கற்பிக்கும் திட்டத்திலே, மிதிவண்டி ஓட்டக் கற்பிப்பதையும் ஒரு பாடமாக இணைத்தனர். கேம்பிரிட்ஜ் மாணவர் வெறுப்பால் இணைத்த இரண்டையும் புதுக்கோட்டை அறிவால் இணைத்தது!

கற்றவர் யார்? சீமாட்டிகளா? கல்லுடைக்கும் பெண்கள், களையெடுக்கும் பெண்கள், செவிலியர், ஆசிரியைகள், அங்கன்வாடிப் பணியாளர். பழிச்சொற்கள் பறந்தன, வீதியோரம் நின்று நகைத்தோர் உண்டு, நாக்கூசும் சொல் வீசியோரும் உண்டு. அவர்கள் மிதிப்பதை நிறுத்தவில்லை. 1992 மார்ச்சு 8, அனைத்துலகப் பெண்கள் நாளன்று, 1,500 பேருக்கு மேல் மணியடித்துக்கொண்டு ஊர்வலமாக வந்தனர். மாவட்டம் முழுவதும் ஓட்டக் கற்ற பெண்கள் ஓர் இலட்சத்தைத் தாண்டினர். பெண்களுக்கான வண்டிகள் கடையில் தீர்ந்துபோயின. ஆண்கள் ஓட்டும் வண்டிகளையே வாங்கினர். முன்கம்பியிலே குழந்தையை அமர்த்திக்கொள்ளலாமே என்று அதையே விரும்பினோரும் உண்டு!

அதனால் விளைந்த பயன் கவிதைக்குரியதன்று, கணக்குக்குரியது. விளைபொருளை விற்க ஓர் ஊருக்கு மட்டும் சென்றவள் நான்கு ஊருக்குச் சென்றாள். பேருந்துக்குக் காத்திருந்த நேரம் மிஞ்சியது. கணவனோ மகனோ ஓய்ந்து வந்து ஏற்றிச்செல்லட்டும் என்று திண்ணையிலே காத்திருந்த நேரமும் மிஞ்சியது.

அடுத்து அரசே முன்வந்தது. 2001-02இல் ஆதிதிராவிடர், பழங்குடி மாணவியர்க்கு விலையில்லா மிதிவண்டி வழங்கத் தொடங்கிப் பிறகு எல்லா மாணவர்க்கும் விரித்தனர். பீகார் 2006இல் இதையே செய்தது. அங்கு உயர்நிலைப் பள்ளியில் சேரும் மாணவியர் எண்ணிக்கை ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு உயர்ந்ததைப் பொருளியல் அறிஞர்கள் அளந்து காட்டினர்.

இனி நம் தாம்பரத்துக்கு வருவோம். இங்கிருந்து தெற்கே பெருங்களத்தூர், வண்டலூர், கூடுவாஞ்சேரி, மறைமலை நகர் எனச் செல்லும் நெடுஞ்சாலை முப்பது கிலோமீட்டரில் செங்கல்பட்டைச் சேர்கிறது. 1929 பிப்ரவரி 17, 18 நாட்களில் சென்னை மாகாண முதல் சுயமரியாதை மாநாடு கூடிய ஊர் அது. சவுந்தரபாண்டியனார் தலைமையில், பெரியார் முன்னிலையில், பெண்ணுக்கும் ஆணுக்கு நிகரான சொத்துரிமை வேண்டும், எத்தொழிலும் செய்யும் உரிமை வேண்டும், தொடக்கப் பள்ளிகளில் பெண்களையே ஆசிரியராக்க வேண்டும் எனத் தீர்மானித்தனர். சொத்துரிமைத் தீர்மானம் சட்டமாவதற்கு 1989இல் கலைஞர் அரசு வரவேண்டியிருந்தது. அறுபது ஆண்டுகள்!

சட்டம் ஏட்டில் ஏறிவிட்டது. வீட்டில் ஏறிவிட்டதா? நாம் பாடம் சொல்லும் வகுப்பில், அரசு தந்த மிதிவண்டியில் வராமல் நடந்தே வரும் மாணவியர் சிலரைக் கண்டு, வண்டி எங்கே என வினவினோம். அண்ணன் வேலைக்கு எடுத்துச் செல்கிறான் என்றாள் ஒருத்தி. சாலையில் லாரி அதிகம், அப்பா வேண்டாமென்றார் என்றாள் இன்னொருத்தி. அந்த லாரி அண்ணனை மட்டும் பார்த்து ஒதுங்கிப் போகிறதா? விற்றாகிவிட்டது என்று சொல்லிவிட்டுத் தலைகுனிந்தாள் மற்றொருத்தி. இந்த வீடுகளில் நம் இயக்கத் தோழர்களின் வீடுகளும் உண்டு என்பதை மறைக்க மாட்டோம். மேடையில் பெண்ணுரிமை முழங்கிவிட்டு வீடு திரும்பும் தோழர், தம் வீட்டுத் தாழ்வாரத்தில் நிற்கும் வண்டியின் இருக்கை யாருடைய உயரத்துக்கு ஏற்றப்பட்டிருக்கிறது என்று ஒருமுறை பார்க்கட்டும்.

அன்றே எல்சி யாகோப்சின் கதையை வகுப்பில் சொன்னோம். அறுபது கிலோமீட்டர் என்றால் எவ்வளவு என்று விளக்க, தாம்பரத்திலிருந்து செங்கல்பட்டு போய்த் திரும்பும் தொலைவு என்றோம். நடந்தே வரும் அந்த மூவரில் ஒருத்தி குறிப்பேட்டின் ஓரத்தில் 60ஐ 41ஆல் வகுத்துக்கொண்டிருந்தாள். ஒன்றரை மணிக்குச் சற்றுக் குறைவு என்று விடை சொன்னாள். பிறகு, வண்டலூர் ஏற்றத்தைக் கணக்கில் சேர்த்தால் எவ்வளவு ஆகும் என்று கேட்டாள்.