எம்.டி. சம்பளத்துக்கு டெல்லி அனுமதி

எங்க நாமக்கல்லில் சொந்த லாரி ஓட்டுகிற முதலாளி, தனக்கு எவ்வளவு எடுத்துக்கலாம்னு யாரையும் கேட்கத் தேவையில்லை. பங்குதாரர் பணத்தில் நடக்கும் பப்ளிக் லிமிடெட் கம்பெனிக்கு அப்படியில்லை. 1956 கம்பெனிச் சட்டத்தின் 198-ஆவது பிரிவு, நிர்வாகிகளின் மொத்த ஊதியத்தை நிகர லாபத்தில் 11 சதவீதத்துக்குள் நிறுத்தியது. எம்.டி. சம்பளத்தை உயர்த்த மத்திய அரசும் சம்மதிக்க வேண்டியிருந்தது.

அரசு எதைப் பார்த்துக் குறைக்கலாம்? 1974 திருத்தத்தில் வந்த 637ஏஏ பிரிவைப் புரட்டினேன். கம்பெனியின் நிதிநிலை, அவர் வேறு வகையில் வாங்குவது, வேறு கம்பெனியில் வாங்குவது, படிப்பும் அனுபவமும். நாலையும் காகிதத்தில் சரிபார்த்துவிடலாம். ஐந்தாவதுதான் விஷயமே: வருமான ஏற்றத்தாழ்வை நீக்கும் பொதுக்கொள்கை. என் பார்வையில் முதல் நாலும் வேலி, இது வேலியில் வைத்த படல். அதிகாரி நினைத்தால் திறக்கலாம், சாத்தலாம்.

1988-இல் 13-ஆவது அட்டவணை சேர்க்கப்பட்டது. வரம்புக்குள் இருந்தால் டெல்லிக்குப் போகவே வேண்டாம். 2013 சட்டத்தின் 200-ஆவது பிரிவில் அந்தப் பழைய பட்டியல் இருக்கிறது. ஏற்றத்தாழ்வு வரியை மட்டும் காணோம். 2018 செப்டம்பரிலிருந்து வரம்பைத் தாண்டவும் பங்குதாரர் கூட்டத் தீர்மானமே போதும். கடன் பாக்கி வைத்த கம்பெனி என்றால் வங்கியின் சம்மதமும் வேணும். எம்.டி. குடும்பமே முக்கால்வாசிப் பங்கு வைத்திருக்கும் கம்பெனிகள் நம்ம நாட்டில் நிறைய.