துவர் என்னும் சொல்

எங்கள் கல்லூரியின் தாவரவியல் துறை நண்பர் ஒருவர் மாணவர்களுக்காகக் கலைச்சொல் பட்டியல் ஒன்றைத் தொகுத்துவந்தார். தமிழ் சரியாக இருக்கிறதா என்று பார்க்கும்படி சென்ற ஆண்டு அதை என்னிடம் கொடுத்தார். பெரும்பாலான சொற்களில் சிக்கல் இல்லை. 'டானின்' என்பதற்கு எதிரே மட்டும் இடம் காலியாக இருந்தது. 'துவர்' என்று எழுதினேன். இத்தனை சிறிய சொல் இத்தனை பொருத்தமாக அமைந்ததே என்று சற்றுப் பெருமிதமும் கொண்டேன். மறுநாள் நண்பர் பட்டியலோடு வந்தார். "படிகாரம்கூடத் துவர்க்குதே சார், அதுல டானின் ஏது?"

என்னிடம் பதில் இல்லை. படிகாரம் மண்ணிலிருந்து கிடைக்கும் உப்பு. டானினோ செடி தனக்குள் ஆக்கிக்கொள்ளும் பொருள். ஒன்று சுவையின் பெயர், மற்றொன்று பொருளின் பெயர். தமிழாசிரியர்களுக்கு இயல்பான அவசரம் எனக்கும் இருந்திருக்கிறது என்று ஒப்புக்கொண்டேன். ஆனால் சொல்லை அடித்துவிட மனம் வரவில்லை.

முதலில் டானின் என்ற சொல்லின் கதையைத் தேடினேன். பிரெஞ்சுப் புரட்சிப் படைகளுக்குக் காலணித் தோல் அவசரமாகத் தேவைப்பட்ட காலத்தில், விரைவாகத் தோல் பதனிடும் முறையைக் கண்டவர் செகின். மரப்பட்டையில் தோலைப் பதப்படுத்தும் பொருளுக்கு 1796 வாக்கில் அவர் வைத்த பெயர் இது. 'டான்' என்பது தோல் பதனிட இடித்த ஓக் மரப்பட்டையின் பெயர். ஆக, அந்தச் சொல் பிறந்த இடம் தோல் தொட்டி. ஒரு பொருள் டானின்தானா என்று அறிய, பட்டைச் சாற்றை விலங்குப் பசைக் கரைசலில் விடுவார்கள். பசை திரண்டு அடியில் படிந்தால் டானின் உண்டு. இன்றைய வேதியியலாரும் அதை வரையறுக்கும்போது புரதத்தைத் திரட்டி வீழ்த்தும் இயல்பைத்தான் முதன்மையாகச் சொல்கிறார்கள். 1962இல் பேட்-ஸ்மித், ஸ்வெய்ன் இருவரும் தந்த வரையறை இன்றும் எடுத்தாளப்படுகிறது: நீரில் கரையும், மூலக்கூறு எடை 500 முதல் 3000 வரை உள்ள, புரதங்களை வீழ்படிவாக்கும் பீனால் சேர்மங்கள்.

இங்கேதான் எனக்குச் சற்று வெளிச்சம் கிடைத்தது. கடுக்காயை மென்றால் நாக்கு ஏன் இழுத்துப் பிடிக்கிறது? உமிழ்நீரில் வாயை வழுவழுப்பாக வைத்திருக்கும் புரதங்கள் உண்டு. டானின் அவற்றைப் பற்றித் திரட்டிவிடுகிறது. வழுக்கல் போய் வாய் வறண்டு சுருங்குகிறது. நாக்கு செய்வதும் செகின் செய்ததும் ஒரே சோதனைதான். புரதம் மட்டும் வேறு. படிகாரமும் புரதத்தைத் திரட்டக்கூடியது, ஆகவே அதுவும் துவர்க்கிறது. நண்பரின் கேள்வி என் சொல்லை வீழ்த்தியது போலத் தோன்றினாலும், அந்தச் சொல் எதைப் பிடித்திருக்கிறது என்பதை எனக்குக் காட்டியது அதுவே.

இனி நம் நூல்களின் பக்கம் வருவோம். 'துவர்' சுவையை மட்டும் குறிப்பதன்று. சிவப்பு, பவளம் என்றும் நிகண்டுகள் பொருள் தரும். துவரிதழ் என்றால் சிவந்த உதடு. சம்பந்தர் தேவாரத்தில் பௌத்தத் துறவியர் துவராடையராக வருகிறார்கள். அந்த ஆடைக்கு அந்த நிறம் எங்கிருந்து வந்தது? வேர், தண்டு, பட்டை, இலை, பூ, காய் ஆகியவற்றின் சாயங்களையே துறவிக்கு விநய விதிகள் அனுமதித்தன. வாயில் துவர்க்கும் பட்டையே துணியில் செம்பழுப்பாக ஊறுகிறது. வடமொழியின் 'கஷாயம்' என்ற சொல்லும் இப்படியே சுவை, காவி நிறம், காய்ச்சிய குடிநீர் மூன்றையும் தாங்குகிறது. நாக்கு, துணி, மருந்துச் சட்டி என்று மூன்று இடங்களில் ஒரே பொருளைக் கண்டவர்கள் ஒரே பெயரிட்டிருக்கிறார்கள்.

சிலப்பதிகாரத்துக் கடலாடு காதையில் மாதவி நீராடும் நீரில் பத்துத் துவர் ஊறியிருக்கிறது. உரை வழி நமக்குக் கிடைக்கும் பட்டியலில் இருப்பவை பூவந்தி, திரிபலையாகிய கடுக்காய், தான்றிக்காய், நெல்லிக்காய், கருங்காலி, நாவல், ஆல், அரசு, அத்தி, இத்தி. நண்பரிடம் இதைக் காட்டினேன். ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்து, பூவந்தியைத் தவிர ஒன்பதும் டானின் மிகுந்தவை என்றார். பூவந்தி சோப்புக்காய், நுரை தரும் சபோனினுக்குப் பெயர்பெற்றது. குளியல் நீர்தானே, நுரையும் வேண்டியிருந்திருக்கும் என்று சிரித்துக்கொண்டோம். பட்டியலிலுள்ள கருங்காலிக்கு இன்னொரு கதையும் உண்டு. அதன் வைரத்தைக் காய்ச்சி எடுக்கும் காசுக்கட்டியை 1803இல் லண்டன் ராயல் சொசைட்டியில் ஆராய்ந்து காட்டியவர் ஹம்ப்ரி டேவி. பம்பாயிலிருந்தும் வங்காளத்திலிருந்தும் வந்த கட்டிகளில் ஒரு பவுண்டு, ஓக் பட்டை ஏழெட்டுப் பவுண்டுக்கு ஈடு என்று கணக்கிட்டார். மாதவியின் நீராட்டுக்கான மரம் பூட்ஸ் தோலுக்கும் ஆயிற்று.

சென்ற மாசியில் மாணவர் சிலரோடு கல்வராயன் மலைக்குப் போகும் வாய்ப்பு வந்தது. கோமுகி அணையைக் கடந்து மலையேறிக் கரியாலூரில் இறங்கினோம். மலையாளிப் பழங்குடியினர் வாழும் மலை இது. கேரளத்தாரோடு இவர்களைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து வந்தவர்கள் என்பது இவர்கள் மரபு. மூன்று ஜாகீர்தார்களின் ஆளுகையில் இருந்த இம்மலை, நாடு விடுதலை பெற்று ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் கழித்து 1976இல்தான் அந்தப் பிடியிலிருந்து முழுதும் விடுபட்டது. விழுப்புரத்திலிருந்து பிரிந்து 2019இல் அமைந்த கள்ளக்குறிச்சி மாவட்டத்தில் இப்போது சேர்ந்திருக்கிறது.

சாலையோரத்தில் சாக்கை விரித்துக் கடுக்காய் உலர்த்திக்கொண்டிருந்த ஒரு மூதாட்டியிடம் பேச்சுக் கொடுத்தேன். தரம் எப்படிப் பார்ப்பது என்று கேட்டேன். "பிஞ்சுல துவரு ஏறி நிக்கும் சார். பழுக்கப் பழுக்க எறங்கிரும். எறங்கறதுக்குள்ள உலுக்கிரணும்." அந்த 'ஏறி', 'எறங்கிரும்' இரண்டையும் கேட்டு நின்றுவிட்டேன். சுவை ஏறும், இறங்கும் என்று நாமும் சொல்வோம். ஆனால் அவர் பேச்சில் துவர், காய்க்குள் அளவாக இருக்கிற ஒரு பொருளாக இருந்தது. காய் முதிர்ந்து பழுக்கும்போது டானின் குறைகிறது என்பது வேதியியலும் சொல்வதே.

சாக்கின் மூலையில் சுருங்கிய, உள்ளீடற்ற சில முடிச்சுகள் தனியே கிடந்தன. நாட்டு மருந்துக் கடைகளில் 'கடுக்காய்ப்பூ' என்று விற்பது இதுதான். என் மாணவி ஒருத்தி "இவ்வளவு பெரிய பூவா?" என்று வியந்தாள். "பூ இல்ல கண்ணு, பூச்சி கட்டின வீடு" என்றார் அந்த அம்மா. அவர் சொன்னது சரி. இலையில் பூச்சி புகுந்ததால் செடி பருத்து உண்டாக்கும் கழலை அது. கடைக்காரரின் பெயரில் பூவாகிவிட்டது.

ஓக் மரத்திலும் இத்தகைய கழலை உண்டு. நம் கடைகளில் அது மாசிக்காய். பிரெஞ்சில் 'கால்' என்று ஒலிக்கும். காலிக் அமிலத்துக்குப் பெயர் அதிலிருந்து வந்தது. 1818இல் பிராக்கொனோ என்ற வேதியியலார் அதே கழலையிலிருந்து மற்றோர் அமிலத்தைப் பிரித்தார். காலிக் என்ற பெயர் ஏற்கெனவே போய்விட்டதால், அந்தப் பிரெஞ்சுச் சொல்லின் எழுத்துகளைப் பின்னிருந்து முன்னாகத் திருப்பிப் புதிய அமிலத்துக்குப் பெயராக்கினார். அதுதான் எல்லாஜிக் அமிலம். கடுக்காயில் இது மிகுதி. கடுக்காய் நீரில் ஊறிய தோலின்மேல் மங்கிய மஞ்சள் பொடியாகப் படிவதும் இதுவே. இலக்கணத்தில் எழுத்துப் போலி படித்தவனுக்கு இந்த விளையாட்டு பிடித்திருந்தது.

ஆனால் அதே காயிலிருந்து 1884இல் ஃபிரிடோலின் பிரித்த செபுலினிக் அமிலத்தின் பெயர் அவ்வளவு வேடிக்கையானதில்லை. 'செபுலா' என்பது காபூல். அரபு மருத்துவர்கள் காபூல் வழி வணிகத்தில் வந்த பெரிய கடுக்காயைக் 'காபுலி' என்றார்கள். அது லத்தீனுக்குப் போய்த் திரிந்தது. ஸ்வீடன் நாட்டு ரெட்சியஸ் மரத்துக்குத் தாவரவியல் பெயர் வைத்தபோதும் அதுவே நிலைத்தது. அவர் விவரித்த இந்தியச் செடிகளில் பல, தரங்கம்பாடியில் பணியாற்றிய கோனிக் திரட்டியவை என்பதை இங்கே நினைத்துக்கொள்ளலாம். மரம் நின்றது இந்தியக் காடுகளில், பெயர் நின்றது சந்தைக்குப் போன வழியில். ஆங்கிலேயர் காலத் தோல் வணிகத்திலும் கடுக்காயின் தரப்பெயர்கள் பீமிலி, ராஜாபூர், வெங்குர்லா, மதராஸ் என்று துறைமுகங்களாகவும் ஊர்களாகவுமே இருந்தன. பீமிலித் துறையில் கடுக்காய் மரம் நின்றதா என்று எவரும் கேட்கவில்லை. காட்டில் உலுக்கிப் பொறுக்கியவரின் மலைக்கு அந்தப் பட்டியலில் இடமில்லை.

அந்த வணிகமும் பின்னர் சுருங்கிற்று. ஆவாரம்பட்டையில் பதனிட்டுக் கடுக்காய் நீரில் நிறம் தெளிய வைத்த தென்னிந்தியத் தோலுக்கு உலகச் சந்தையில் தனிப் பெயர் இருந்தது. 2008இல் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. ஆனால் 1970களில் பாதி பதனிட்ட தோலின் ஏற்றுமதிக்கு அரசு வரம்பு விதித்தபின் குரோம் உப்பில் பதனிடுவது வேகமாகப் பரவிற்று. பாலாற்றங்கரை அதற்குக் கொடுத்த விலை, 1996இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பாகப் பதிவாகியிருக்கிறது. கடுக்காய்க்குக் கலம்காரித் துணி, பழைய கட்டடங்களைப் பழுதுபார்க்கும் சுண்ணாம்புச் சாந்து, சூரணம் என்று சில வாயில்கள் எஞ்சியுள்ளன. சிறு வனப்பொருள்களின் மீதான உரிமையை 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் பழங்குடியினருக்கு வழங்கியது. 2013-14இல் தொடங்கிய குறைந்தபட்ச ஆதரவு விலைத் திட்டத்தின் முதல் பட்டியலிலேயே கடுக்காயும் இருந்தது. கரியாலூர் மூதாட்டியிடம் அந்த விலையைப் பற்றிக் கேட்டேன். வண்டி கொண்டுவரும் வியாபாரி சொல்வதுதான் விலை என்றார். பேச்சை மாற்றி, ஒரு கடுக்காயை உடைத்து என் கையில் வைத்து மெல்லச் சொன்னார். கொட்டையை நீக்கித் தோலைத்தான் மெல்ல வேண்டும் என்றும் கண்டிப்பாகச் சொன்னார்.

ஊர் திரும்பியதும் நண்பரிடம் அந்தத் 'துவரு ஏறி நிக்கும்' பேச்சைச் சொன்னேன். பொருளாகவும் மக்கள் ஆள்கிறார்கள், பிறகு என்ன தயக்கம் என்பது என் வாதம். படிகாரத்தை அவர் விடவில்லை. கடைசியில் சுவைக்குத் 'துவர்ப்பு' என்றும், செடி ஆக்கும் பொருளுக்குத் 'துவர்' என்றும் பிரித்து எழுதி, படிகாரம் துவர்க்கும், ஆனால் அது துவர் அன்று என்று அடியில் ஒரு வரி சேர்த்தோம். எல்லாஜிக்கை அப்படியே விட்டுவிட்டோம். செபுலினிக் அமிலத்துக்குக் 'கடுக்காய் அமிலம்' என்று நான் எழுதியதன் பக்கத்தில் நண்பர் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறார். பட்டியல் இன்னும் அச்சுக்குப் போகவில்லை.