சென்னை – திருச்சிராப்பள்ளி விரைவு ரயில் பயணம்

சென்னை எழும்பூரையும் திருச்சிராப்பள்ளி சந்திப்பையும் செங்கல்பட்டு, விழுப்புரம், விருத்தாசலம், அரியலூர், ஸ்ரீரங்கம் வழியாக இணைக்கும் ஏறத்தாழ 337 கிலோமீட்டர் நீளமுள்ள ரயில் பாதை, தமிழ்நாட்டின் தலைநகரைக் காவிரிக் கரையோடும் அதற்கப்பால் மதுரை, திருநெல்வேலி, நாகர்கோவில் முதலிய தென்பகுதி நகரங்களோடும் பிணைக்கும் முதன்மைத் தடமாகும். பகல் முழுவதையும் அல்லது ஓர் இரவு முழுவதையும் எடுத்துக்கொண்ட இப்பயணம் இன்று நான்கு மணி நேரத்துக்குள் அடங்கியிருப்பது ஒரே பாய்ச்சலில் நேர்ந்ததன்று. பாதையைச் சுருக்கியும், அகலப்படுத்தியும், மின்மயமாக்கியும், இரட்டிப்பாக்கியும் ஒரு நூற்றாண்டுக் காலம் படிப்படியாகச் செய்யப்பட்ட வேலைகளின் பயன் அது. விரைவு ரயிலுக்கு உலகம் முன்மாதிரியாகக் கொள்ளும் ஜப்பான் இதே சிக்கலுக்கு வேறொரு விடையைக் கண்டது என்பதால், இவ்விரு வரலாறுகளையும் அருகருகே வைத்துப் பார்ப்பது இத்தடத்தின் இயல்பைத் தெளிவாக விளக்கும்.

திருச்சிராப்பள்ளிக்கு ரயில் சென்னையிலிருந்து வரவில்லை. கடற்கரைத் துறைமுகமான நாகப்பட்டினத்திலிருந்து வந்தது. கிரேட் சதர்ன் ஆஃப் இந்தியா ரயில்வே என்னும் ஆங்கிலேயக் குழுமம் நாகப்பட்டினத்திலிருந்து தஞ்சாவூர் வரை 1861இலும், திருச்சிராப்பள்ளி வரை 1862இலும் பாதையைத் திறந்தது. அப்பாதை அகலப்பாதையாக, அதாவது இரு தண்டவாளங்களுக்கும் இடையே ஐந்தரை அடி இடைவெளி கொண்டதாக, இடப்பட்டிருந்தது. இந்தியாவில் புதிய பாதைகளைக் குறைந்த செலவில் அமைக்க வேண்டும் என்று மேயோ பிரபுவின் ஆட்சிக்காலத்தில் அரசு முடிவெடுத்ததைத் தொடர்ந்து, ஒரு மீட்டர் மட்டுமே இடைவெளியுள்ள மீட்டர் கேஜ் முறை பரவியது. கர்நாடிக் ரயில்வேயோடு இணைந்து 1874இல் சவுத் இந்தியன் ரயில்வே ஆன அக்குழுமமும், ஏற்கெனவே இட்டிருந்த அகலப்பாதையைப் பெயர்த்துக் குறுக்கியது. இருந்த அகலத்தை இழந்து, அதனை மீண்டும் பெற நூறாண்டுகளுக்கு மேல் காத்திருக்க நேர்ந்தது இப்பகுதி ரயில் வரலாற்றின் வருந்தத்தக்க திருப்பமாகும்.

பின்னர் சென்னையிலிருந்து இடப்பட்ட மீட்டர் கேஜ் பாதை விழுப்புரம், கடலூர், மயிலாடுதுறை, கும்பகோணம், தஞ்சாவூர் வழியாக, கடற்கரையையும் காவிரி வடிநிலத்தையும் தழுவிச் சென்று திருச்சிராப்பள்ளியை அடைந்தது. இதனையே மக்கள் இன்றும் 'மெயின் லைன்' என்கின்றனர். கோயில் நகரங்களையும் நெல் விளையும் ஊர்களையும் தொட்டுச் சென்றதால் அதன் பயன் பெரிதாக இருந்தது. எனினும் சென்னையிலிருந்து நேரே தெற்கே செல்ல வேண்டியவருக்கு அது சுற்றுவழியே. எழும்பூர் நிலையம் 1908இல் திறக்கப்பட்டதும், பாம்பன் பாலம் 1914இல் முடிவுற்று, தனுஷ்கோடியில் கப்பலேறி இலங்கைக்குச் செல்லும் பயணிகளுக்காக 'போட் மெயில்' ஓடத் தொடங்கியதும் இத்தடத்தில் நெரிசலைக் கூட்டின.

இந்நெருக்கடிக்கு விடையாக அமைந்தது 'கார்டு லைன்' என்னும் குறுக்குப்பாதை. வட்டத்தின் இரு புள்ளிகளை நேர்கோட்டால் இணைப்பதைக் கணிதத்தில் நாண் என்றும், ஆங்கிலத்தில் 'கார்டு' என்றும் சொல்வர். வளைந்து செல்லும் பாதையின் இரு முனைகளை நேரே இணைக்கும் ரயில் பாதைக்கும் அப்பெயரே வழங்குகிறது. விழுப்புரத்திலிருந்து விருத்தாசலம், அரியலூர், லால்குடி வழியாகத் திருச்சிராப்பள்ளி வரை ஏறத்தாழ 178 கிலோமீட்டர் நீளத்தில் 1929இல் பயன்பாட்டுக்கு வந்த இப்பாதை, பயணத்தொலைவில் ஏறத்தாழ 60 கிலோமீட்டரைக் குறைத்தது. கொள்ளிடத்தையும் காவிரியையும் அடுத்தடுத்துப் பாலங்களால் கடந்து, அவ்விரு ஆறுகளுக்கும் இடைப்பட்ட தீவான ஸ்ரீரங்கத்தில் ஒரு நிலையத்தையும் அது உண்டாக்கியது. அதற்கு முன் ஆற்றுக்குத் தென்கரையில் இறங்கி, சாலை வழியாகக் காவிரியைக் கடந்தே அரங்கனைக் காணச் சென்ற அடியார்களால் இனி கோயிலுக்கு நடந்து செல்லும் தொலைவிலேயே இறங்க முடிந்தது. ஏறத்தாழ அதே ஆண்டுகளில் நாகப்பட்டினத்திலிருந்த பணிமனை பொன்மலைக்கு மாற்றப்பட்டதால், திருச்சிராப்பள்ளி ரயில் கடந்து செல்லும் ஊராக மட்டும் இராமல், ரயிலைப் பழுதுபார்த்துப் பேணும் ஊராகவும் ஆயிற்று.

குறுக்குப்பாதை கடந்து செல்லும் நிலம் எளிதானதன்று. கோடையில் வறண்டு கிடக்கும் சிற்றாறுகள் வடகிழக்குப் பருவமழையின்போது ஒரே இரவில் கரைபுரளக்கூடியவை. 1956 நவம்பர் 23 அன்று அதிகாலையில், அரியலூருக்கு அருகே மருதையாற்றின் வெள்ளம் பாலத்தின் தாங்கலை அரித்திருந்த நிலையில், சென்னையிலிருந்து தூத்துக்குடிக்குச் சென்ற விரைவு ரயில் ஆற்றில் கவிழ்ந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். அதே ஆண்டு நிகழ்ந்த மகபூப்நகர் ரயில் விபத்தின்போது ரயில்வே அமைச்சர் லால் பகதூர் சாஸ்திரி பதவி விலக முன்வந்தும் பிரதமர் நேரு அதனை ஏற்கவில்லை. அரியலூர் விபத்துக்குப் பின் அவர் பதவியிலிருந்து விலகியே தீர்ந்தார். அந்தப் பதவி விலகல் அரசியல் நேர்மைக்குச் சான்றாக அடிக்கடி எடுத்துக்காட்டப்படுகிறது. ஆயினும் ரயில் வரலாற்றில் அவ்விரவின் பாடம் வேறு: பாலத்தின் அடித்தளமும் வெள்ளக் கண்காணிப்பும் உறுதிப்படாத பாதையில் வேகத்தைப் பற்றிப் பேசவே இயலாது.

அக்காலத்தில் ஜப்பானும் குறுகிய பாதைகளால் இடர்ப்பட்டுக்கொண்டிருந்தது. அந்நாட்டுப் பாதைகளின் அகலம் 1,067 மில்லிமீட்டர். தென்னிந்திய மீட்டர் கேஜைவிடச் சில அங்குலமே கூடுதல். தோக்கியோவுக்கும் ஒசாகாவுக்கும் இடையிலான 556 கிலோமீட்டர் பழைய பாதையில் 1958இல் ஓடத் தொடங்கிய 'கொடாமா' என்னும் விரைவு ரயில் 6 மணி 50 நிமிடம் எடுத்துக்கொண்டது. அதற்கு மேல் அப்பாதையில் பெரிதாக விரைவுபடுத்த இடமில்லை என்று கண்ட ஜப்பானிய தேசிய ரயில்வே, பழைய பாதையை அப்படியே விட்டுவிட்டு, 1,435 மில்லிமீட்டர் அகலமுள்ள தனிப்பாதை ஒன்றைப் புதிதாக அமைத்தது. 'புதிய பெருந்தடம்' என்று பொருள்படும் ஷிங்கான்சென் அதுவே. உலக வங்கியின் 8 கோடி டாலர் கடனுதவியும் சேர்ந்து கட்டப்பட்ட அத்தடம் 1964 அக்டோபர் 1 அன்று திறக்கப்பட்டு, மணிக்கு 210 கிலோமீட்டர் வேகத்தில் ரயில்கள் ஓடலாயின. சாலைக் குறுக்கீடு ஒன்றுகூட இல்லாமை, சரக்கு ரயில்களைக் கலக்காமை, சைகை விளக்குகளை ஓட்டுநர் கண்ணால் பார்த்துத் தெரிந்துகொள்வதற்கு மாறாக வேகக் கட்டளை ஓட்டுநர் அறையிலேயே தோன்றி, தேவைப்படும்போது ரயிலைத் தானே தடுத்து நிறுத்தும் அமைப்பு ஆகியவை அதன் அடிப்படைகள்.

ஜப்பானில் அத்தடம் திறந்த அதே காலத்தில் சென்னைத் தடத்திலும் ஜப்பானியப் பொறிகள் வந்திறங்கின என்பது பலரும் நினைவில் வைத்திராத செய்தி. சென்னைக் கடற்கரை – தாம்பரம் மீட்டர் கேஜ் பாதை 1931இலேயே மின்மயமாகியிருந்தது. அதனைத் தாம்பரத்திலிருந்து விழுப்புரம் வரை 1960களின் நடுவில் நீட்டியபோது, மிட்சுபிஷி நிறுவனம் உருவாக்கிய 'ஒய்.ஏ.எம்.-1' வகை மின்எஞ்சின்கள் 20 தருவிக்கப்பட்டன. மீட்டர் கேஜுக்கென உருவான அவை இப்பாதையில் ஏறத்தாழ நாற்பதாண்டுகள் உழைத்தன. விழுப்புரத்துக்குத் தெற்கே மின்கம்பி இல்லாததால், அங்கு எஞ்சினை மாற்றும் இடைநிறுத்தம் தெற்கு நோக்கிய ஒவ்வொரு பயணத்திலும் ஒரு பகுதியாகவே இருந்தது.

மீட்டர் கேஜின் எல்லைவரை சென்று பார்த்த முயற்சி வைகை எக்ஸ்பிரஸ். 1977 ஆகஸ்டு 15 அன்று தொடங்கப்பட்ட இந்தப் பகல் ரயில், மதுரையிலிருந்து சென்னைக்கு ஏறத்தாழ ஏழு மணி நேரத்தில் வந்து சேர்ந்தது. குறுகிய பாதையில் அந்நாளில் வியப்புடன் பேசப்பட்ட இவ்வேகம், ஏறத்தாழ இருபதாண்டுகளுக்கு முன் கொடாமா ரயில் எட்டியிருந்த நிலையோடு ஒப்பிடத்தக்கது. 1984 ஆகஸ்டு 15 அன்று திருச்சிராப்பள்ளிக்கென்றே பல்லவன் எக்ஸ்பிரஸ் வந்தது. காலையில் புறப்பட்டு நண்பகலில் எழும்பூரை அடையும் பல்லவனின் பெட்டிகளே பிற்பகலில் வைகையாகி மதுரைக்குத் திரும்பும். மதுரையிலிருந்து வந்த வைகையின் பெட்டிகள் பல்லவனாகித் திருச்சிக்கு வரும். பெட்டித் தொடர் ஒன்று வீணே நிற்காமல் இருக்கச் செய்யப்பட்ட இந்த ஏற்பாடு, பாதை மாறியும் வேகம் மாறியும் நீடித்தது. பல்லவன் 2013இல் காரைக்குடி வரை நீட்டிக்கப்பட்டது. இரவில் ஏறிப் படுத்து விடியலில் மறுமுனையில் இறங்க விரும்புவோருக்கு மலைக்கோட்டை எக்ஸ்பிரஸ் இருந்தது. அலுவலக வேலையாகச் சென்னை சென்று மறுநாளே திரும்பும் திருச்சிக்காரர்களின் நாட்காட்டி பல்லவன், மலைக்கோட்டை ஆகிய இவ்விரு ரயில்களைச் சுற்றியே அமைந்திருந்தது என்றால் மிகையாகாது.

நாடு முழுவதும் ஒரே அகலம் என்னும் கொள்கை 1992இல் நடைமுறைக்கு வந்ததைத் தொடர்ந்து, சென்னை – திருச்சிராப்பள்ளி – மதுரைத் தடம் 1990களின் இறுதிக்குள் அகலப்பாதையாயிற்று. ஜப்பானுக்கும் தமிழ்நாட்டுக்கும் இடையிலான வேறுபாடு இங்கேதான் முழுமையாக வெளிப்படுகிறது. ஜப்பான் விரைவு ரயிலுக்குத் தனித்தடம் அமைத்தது. இங்கே ஏற்கெனவே இருந்த தடமே பெயர்த்து அகலமாக்கப்பட்டது. விரைவு ரயிலும், பயணிகள் ரயிலும், அரியலூர்ப் பகுதியின் சிமெண்ட் சுமந்த சரக்கு ரயிலும் அதே தண்டவாளத்தைப் பகிர்ந்துகொண்டன. ஒற்றைப்பாதையில் எதிரெதிரே வரும் இரு ரயில்களுள் ஒன்று நிலையத்தில் ஒதுங்கி நிற்க வேண்டும். பயணிகள் 'கிராஸிங்' என்று சொல்லிப் பெருமூச்சு விடும் அக்காத்திருப்பே எஞ்சினின் வேகத்தைவிடப் பயணநேரத்தைக் கூடுதலாகத் தீர்மானித்தது. விழுப்புரம் – திருச்சிராப்பள்ளி மின்மயமாக்கம் 2010ஐ ஒட்டி முடிந்தது. விழுப்புரத்திலிருந்து திண்டுக்கல் வரை இரட்டைப்பாதை அமைக்கும் வேலை அந்தப் பத்தாண்டின் பிற்பகுதியில் நிறைவேறியது. இத்தடத்தின் உண்மையான விரைவுக்காலம் அந்த இரட்டைப்பாதையிலிருந்தே தொடங்குகிறது என்று கொள்வது பொருந்தும்.

அதன் பயன் உடனே தெரிந்தது. 2019 மார்ச் 1 அன்று சென்னை – மதுரை தேஜஸ் எக்ஸ்பிரஸும், 2023 செப்டம்பர் 24 அன்று சென்னை – திருநெல்வேலி வந்தே பாரத் ரயிலும், 2024 ஆகஸ்டு 31 அன்று சென்னை – நாகர்கோவில் வந்தே பாரத் ரயிலும் திருச்சிராப்பள்ளி வழியாக ஓடத் தொடங்கின. வந்தே பாரத் பெரம்பூர் ஐ.சி.எஃப். ரயில்பெட்டித் தொழிற்சாலையில் உருவான வகை. தனி எஞ்சின் இழுக்காமல், பெட்டிகளின் அடியிலேயே மோட்டார்கள் பொருத்தப்பட்டிருப்பதால் நின்ற இடத்திலிருந்து விரைவாக வேகமெடுக்கவும், விரைவாக நிற்கவும் அதனால் முடிகிறது. மோட்டார்களைத் தொடர் முழுவதும் பரப்பும் இம்முறையே முதல் ஷிங்கான்சென் வண்டியிலும் கையாளப்பட்டது. எழும்பூரிலிருந்து திருச்சிராப்பள்ளிக்கு வந்தே பாரத் நான்கு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவாக எடுத்துக்கொள்கிறது. வண்டி மணிக்கு 160 கிலோமீட்டர் வேகத்தில் ஓடக்கூடியது. ஆனால் பாதை அதற்கு இடம் தருவதில்லை. ஒன்றுக்கொன்று 515 கிலோமீட்டர் தொலைவிலுள்ள தோக்கியோவையும் ஒசாகாவின் ஷிங்கான்சென் நிலையமான ஷின்-ஒசாகாவையும் இன்று இரண்டரை மணி நேரத்துக்குள் இணைப்பது வண்டியைக் காட்டிலும் அதன் கீழுள்ள தனித்தடமே என்பதை இவ்வேறுபாடு உணர்த்தும்.

விரைவு ரயிலின் பயன் நிலையத்தின் வாயிலோடு முடிந்துவிடக் கூடாது என்பதில் ஜப்பானியர் தொடக்கத்திலிருந்தே கவனமாக இருந்தனர். ஆசியாவின் முதல் சுரங்க ரயிலைத் தோக்கியோ 1927இலேயே பெற்றிருந்தது. ஒசாகாவில் ஷிங்கான்சென் நிலையம் நகர மையத்துக்கு வெளியே அமைந்ததால், மிதோசுஜி சுரங்க ரயில் தடத்தை அந்நிலையம் வரை நீட்டி, ஷிங்கான்சென் திறப்புக்கு ஒரு வாரம் முன்பே, 1964 செப்டம்பர் 24 அன்று, ஓடவிட்டனர். எழும்பூரில் இந்த இணைப்புக்கு நெடுங்காலம் காத்திருக்க நேர்ந்தது. புறநகர் மின்ரயில் எப்போதும் இருந்தபோதிலும், சென்னை மெட்ரோவின் சுரங்கத்தடம் எழும்பூரைத் தொட்டது 2018 மே 25 அன்றுதான். 2015இல் கோயம்பேடு – ஆலந்தூர் இடையே தொடங்கிய அம்மெட்ரோவின் முதற்கட்டச் செலவில் பெரும்பகுதி ஜப்பானியப் பன்னாட்டுக் கூட்டுறவு முகமையின் கடனாக வந்தது. உலக வங்கியிடம் கடன் பெற்றுத் தன் தடத்தை அமைத்த நாடு, பிற்காலத்தில் சென்னையின் நிலத்தடிப் பாதைக்குக் கடன் தந்தது. தெற்கிலிருந்து வந்து இறங்குவோர் இப்போது எழும்பூரில் நிலத்தடிக்கு இறங்கி, சென்ட்ரல் அல்லது கோயம்பேடு பக்கம் செல்லலாம். சென்ட்ரலில் தடம் மாறினால் விமான நிலையம் வரையும் சென்று சேரலாம்.

திருச்சிராப்பள்ளி முனையில் அத்தகைய இணைப்பு இன்னும் அமையவில்லை. பெல் தொழிற்சாலையின் குடியிருப்பான கைலாசபுரத்துக்கு அருகிலுள்ள திருவெறும்பூர் நிலையம் தஞ்சாவூர்ப் பாதையில் இருக்கிறது. சென்னைக் குறுக்குப்பாதையோ அதற்கு முன்பே பொன்மலையில் பிரிந்து வடக்கே திரும்பிவிடுகிறது. ஆகவே அங்குள்ளோர் வந்தே பாரத் ஏறவேண்டுமானால் தஞ்சாவூர்ச் சாலையின் நெரிசலில் பேருந்திலோ ஆட்டோவிலோ சந்திப்பு நிலையம் வரை வந்தாக வேண்டும். ஸ்ரீரங்கத்தார்க்குத் தம் ஊரிலேயே நிலையம் உண்டு. பல்லவன், வைகை, மலைக்கோட்டை அங்கே நிற்கும். வந்தே பாரத் நிற்பதில்லை. தண்டவாளத்தில் மிச்சப்பட்ட நேரத்தின் ஒரு பகுதி நகரச் சாலையில் செலவாவது இப்பயணத்தின் இன்றைய குறை. அதனைத் தீர்ப்பது இன்னொரு புதிய ரயிலைவிட முதன்மையான வேலை. சமயபுரத்திலிருந்து வயலூர் வரையும், கைலாசபுரத்தை ஒட்டிய துவாக்குடியிலிருந்து பஞ்சப்பூர் வரையும் ஏறத்தாழ 45 கிலோமீட்டருக்கு இரு மெட்ரோ தடங்கள் திருச்சிக்கான ஆய்வில் வகுக்கப்பட்டுள்ளன. சென்னைப் பக்கத்தில், செங்கல்பட்டு, திண்டிவனம் வழியாக விழுப்புரம் வரை 167 கிலோமீட்டர் நீளத்தில் மணிக்கு 160 கிலோமீட்டர் வேகத்துக்கான வட்டார விரைவு ரயில் பற்றிய ஆய்வு 2025–26ஆம் ஆண்டுக்கான தமிழ்நாடு வரவுசெலவுத் திட்டத்தில் அறிவிக்கப்பட்டது. அது அமையுமானால், 1929இல் குறுக்குப்பாதை பிரிந்த அதே விழுப்புரத்தில் வந்து முடியும்.