தீராப் போர் – 17: பூஞ்சணம் பூத்த தட்டு

அறுவை மருத்துவர் ஜூடா போக்மனை மருத்துவ உலகம் கேலி செய்த கதையைச் சென்ற இரண்டு வாரங்களாகப் பார்த்துவிட்டோம். புற்றுக்கட்டி தனக்கென்று புது இரத்தக்குழாய்களை வரவழைத்துக்கொள்கிறது, அந்த வரத்தை அடைத்துவிட்டால் ஒன்றிரண்டு மில்லிமீட்டருக்கு மேல் அது வளராது என்று 1971-ல் அவர் எழுதியதையும், அவர் பேச எழுந்தால் அரங்கிலிருந்து ஆட்கள் நழுவியதையும் திரும்பச் சொல்ல வேண்டியதில்லை. நேரே பாஸ்டன் குழந்தைகள் மருத்துவமனையில் இருந்த அவருடைய ஆய்வுக்கூடத்துக்குப் போவோம். 1980-களின் நடுப்பகுதி.

டொனால்டு இங்பர் என்ற இளம் ஆய்வாளர் அங்கே நுண்குழாய்களின் உட்சுவர் செல்களைத் தட்டுகளில் வளர்த்துக்கொண்டிருந்தார். ஒரு தட்டில் பூஞ்சணம் பிடித்துவிட்டது. செல் வளர்க்கிறவர்களுக்கு இது தீராத தலைவலி. கண்டதும் தட்டை மூடி அழித்துவிட வேண்டும், பக்கத்துத் தட்டுகளுக்குப் பரவினால் மாதக்கணக்கான உழைப்பு போய்விடும். இங்பர் அதை எறிவதற்கு முன் நுண்ணோக்கியில் வைத்துப் பார்த்தார். பூஞ்சணத் திட்டை ஒட்டியிருந்த செல்கள், தட்டோடு பரந்து படிந்திருந்த நிலையை விட்டு உருண்டு திரண்டிருந்தன. தள்ளி இருந்தவை பழையபடியே இருந்தன. செத்துப்போயிருந்தால் அதில் விசேஷம் ஒன்றும் இல்லை, செல்லைக் கொல்லும் நஞ்சுகள் ஆயிரம் உண்டு. இவை சாகவில்லை, உருண்டிருந்தன. பரந்து படிந்த செல்தான் பெருகும், உருண்ட செல் பெருகாது என்று 1978-லேயே போக்மனும் ஆன் மொஸ்கோனாவும் இதே கூடத்தில் காட்டியிருந்தார்கள். அதை மனதில் வைத்துப் பார்த்தவருக்குத்தான் அந்தத் தட்டு பேசியது. இதை வெறும் அதிர்ஷ்டம் என்று எழுதுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. இன்னொரு கூடத்தில் இதே பூஞ்சணம் இதே தட்டில் விழுந்திருந்தால் குப்பைக்குத்தான் போயிருக்கும்.

விழுந்தது அஸ்பெர்ஜில்லஸ் ஃப்யூமிகேட்டஸ். பெயர்தான் புதிது, மக்காச்சோளம் விளைவிக்கும் எங்கள் பக்கத்துக் குரும்பலூர்க்காரர்களுக்கு அது அன்றாடம் பழகிய ஜீவன். தை மாதத்தில் மக்காச்சோளக் கதிர் ஒடித்துக் குவித்திருக்கும்போது பருவம் தப்பி ஒரு மழை பிடித்தால் என்ன ஆகும் என்று அங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும். தார்ப்பாயை விலக்கிக் குவியலுக்குள் கையை விட்டால் உள்ளே சுடும். வெளியே எடுத்த கதிரில் உறைக்கும் முத்துக்கும் நடுவில் சாம்பலும் பச்சையுமாகத் தூள் படிந்திருக்கும், உதறினால் புகையாக எழும்பித் தொண்டையைக் கமறும். நாமக்கல் கோழித் தீவனத்துக்கு எடுக்க வரும் வியாபாரி ஒரு பிடி அள்ளி முகர்ந்து பார்த்துவிட்டு விலையைக் குறைப்பது அந்த வாடைக்காகத்தான். அந்தத் தூளில் பல பூஞ்சைகள் கலந்திருக்கும். அவற்றில் சூட்டுக்கு அஞ்சாதது ஃப்யூமிகேட்டஸ். மட்கும் குப்பைமேட்டில், நனைந்த வைக்கோற்போரில், 50 டிகிரி செல்சியஸ் வெப்பத்திலும் அது தழைக்கும். செல் வளர்க்கும் பெட்டியின் வெப்பம் 37 டிகிரி, நம் உடம்பின் வெப்பமும் அதுவே. குவியலின் நடுச்சூட்டில் வாழப் பழகியதற்கு இரண்டுமே சௌகரியமான வீடுகள். அதன் வித்துகள் இரண்டு மூன்று மைக்ரான்தான் இருக்கும், நாம் எல்லோரும் நாள்தோறும் மூச்சோடு இழுக்கிறோம். உடம்பில் எதிர்ப்புச் சக்தி இருக்கிறவரை ஒன்றும் ஆகாது. புற்றுநோய் மருந்தால் வெள்ளை அணுக்கள் விழுந்து கிடக்கும் நோயாளியின் நுரையீரலில் புகுந்தால் ஆளைக் கொன்றுவிடும். புற்றுநோயாளிகளின் எமனாக விளங்கும் அதே பூஞ்சைதான் கட்டியின் குழாய்களைத் தடுக்கும் பொருளையும் சுரந்தது.

அந்தப் பொருள் ஃப்யூமகிலின். அது புதிதும் அல்ல. 1949-லேயே அமெரிக்காவின் அப்ஜான் நிறுவனத்தில் ஹான்சனும் எபிளும் அதைப் பிரித்தெடுத்திருந்தார்கள். அமீபா சீதபேதிக்குக் கொடுத்துப் பார்த்தார்கள். தேனீக்களின் குடலைக் கெடுக்கும் நோசிமா நோய்க்குச் சர்க்கரைப் பாகில் கலந்து தேனீ வளர்ப்போர் கொடுத்துவந்தார்கள். 1972-ல் ஹார்வர்டில் வேதியியலாளர் கோரி அதைச் செயற்கையாகவே கட்டிக்காட்டினார். இத்தனை பேர் கைப்பட்ட பொருள் இரத்தக்குழாயை நிறுத்தும் என்று எவருக்கும் தோன்றவில்லை, அந்தக் கேள்வியை யாரும் அதனிடம் கேட்கவில்லை என்பதால்.

ஃப்யூமகிலினை அப்படியே கொடுத்தால் எலிகள் இளைத்துத் துரும்பாயின. ஜப்பானின் டகேடா நிறுவனத்து வேதியியலாளர்கள் அந்த மூலக்கூறின் வாலை மாற்றி மாற்றிப் பல வடிவங்கள் செய்தார்கள். அவற்றில் ஒன்று வீரியம் பன்மடங்கு கூடியதாகவும் நச்சு குறைந்ததாகவும் அமைந்தது. 1990 டிசம்பரில் இங்பர், போக்மன், டகேடாக்காரர்கள் எல்லோரும் சேர்ந்து ‘நேச்சர்’ இதழில் அதை அறிவித்தார்கள். பின்னால் டி.என்.பி-470 என்று பெயர் பெற்ற மருந்து அதுதான். மெதியோனின் அமினோபெப்டிடேஸ்-2 என்ற நொதியைப் பிடித்துக்கொண்டு பிறகு விடவே விடாது, அதனால்தான் குழாய்ச் சுவர் செல்கள் பெருகாமல் நிற்கின்றன என்பது 1997-ல் தெரிந்தது.

அந்த மருந்து நோயாளிகளிடம் போன கதையை இந்த வாரம் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். ஆனால் பாஸ்டன் குழந்தைகள் மருத்துவமனையின் பெயரை எழுதும்போதெல்லாம் எனக்கு இன்னொருவர் நினைவுக்கு வருகிறார், அவரைத் தாண்டிப் போக மனம் வரவில்லை.

போக்மன் அங்கே தலைமை அறுவை மருத்துவராக வந்தது 1967-ல். அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன், 1947 இறுதியில், அதே மருத்துவமனையில் சிட்னி ஃபார்பர் இரத்தப் புற்றில் சாகக் கிடந்த குழந்தைகளுக்கு அமினோப்டெரின் என்ற மருந்தை ஏற்றத் தொடங்கினார். 16 குழந்தைகளில் 10 பேருக்கு நோய் பின்வாங்கியது. சில மாதங்களுக்குத்தான், ஆனாலும் மருந்தால் அந்த நோயை அசைக்க முடியும் என்று உலகம் முதன்முதலாகக் கண்டது அப்போதுதான். அந்த மருந்து லெடர்லி நிறுவனத்தின் கூடத்திலிருந்து வந்தது. அங்கே ஆராய்ச்சிக்குத் தலைவராக இருந்தவர் எல்லாப்பிரகட சுப்பராவ்.

பீமவரத்தில் பிறந்தவர் என்றாலும் அவரை உருவாக்கியது சென்னை. திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளி, மாநிலக் கல்லூரி, பிறகு சென்னை மருத்துவக் கல்லூரி. காந்தி அந்நியத் துணியை விடச் சொன்னார் என்று அறுவைக் கூடத்துக்குக் கதர் உடுப்போடு போனார். அறுவை சிகிச்சைப் பேராசிரியர் பிராட்ஃபீல்டுக்கு அது பொறுக்கவில்லை. தேர்வு முடிவில் சுப்பராவுக்குக் கிடைத்தது எம்.பி.பி.எஸ். அல்ல, அதற்குக் கீழான எல்.எம்.எஸ். ஒரு துணிக்காக ஒரு மாணவனின் பட்டத்தில் கைவைத்த அந்த ஆசிரியரை என்னால் மன்னிக்க முடியவில்லை. சுப்பராவ் சென்னை ஆயுர்வேதக் கல்லூரியில் பாடம் நடத்தினார். மாமனார் தந்த பணமும் ஓர் அறக்கட்டளையின் உதவியும் சேர, 1920-களின் தொடக்கத்தில் பாஸ்டன் போய் இறங்கினார். மனைவி சேஷகிரி இங்கேயே இருந்தார். கணவரை மறுபடி பார்க்கும் கொடுப்பினை அந்த அம்மாளுக்கு வாய்க்கவில்லை.

சுப்பராவ் ஹார்வர்டில் படித்துக்கொண்டே இரவில் மருத்துவமனையில் எடுபிடி வேலை பார்த்தார். 1925-ல் அங்கே சைரஸ் ஃபிஸ்கேயுடன் சேர்ந்து அவர் வகுத்த பாஸ்பரஸ் அளக்கும் முறை இன்றைக்கும் உயிர்வேதியியல் மாணவர்களின் பாடத்தில் இருக்கிறது. தசைக்கு ஆற்றல் தரும் பொருள்கள் அடுத்தடுத்து அவர்கள் கையில் அகப்பட்டன. இருந்தும் ஹார்வர்டு அவருக்கு நிலையான பதவி தரவில்லை. சுப்பராவ் பிரித்தெடுத்த சில பொருள்கள் வெளியே வராமல் போனதற்கு ஃபிஸ்கேயின் பொறாமைதான் காரணம் என்று, பிற்காலத்தில் நோபல் பெற்ற ஜார்ஜ் ஹிட்ச்சிங்ஸ் சொல்லியிருக்கிறார். அவர் அதே கூடத்தில் மாணவராக இருந்தவர், அவர் பேச்சை நான் நம்புகிறேன்.

1940-ல் லெடர்லிக்குப் போன பிறகு எட்டே ஆண்டுகள். ஃபோலிக் அமிலத்தைச் செயற்கையாகச் செய்தார்கள், அதன் அமைப்பைச் சற்று மாற்றி அமினோப்டெரின் செய்தார்கள். மண்ணில் வாழும் நுண்ணுயிரிகளைத் துழாவி ஆரியோமைசின் என்ற நுண்ணுயிர்க்கொல்லியைக் கண்டெடுத்தார்கள். யானைக்கால் நோய்க்கு நம் ஊர்களில் வீடு வீடாக வந்து கொடுத்தார்களே டி.இ.சி. மாத்திரை, அதுவும் அவர் குழுவின் கொடை. ஃபார்பரின் கட்டுரை 1948 ஜூனில் வந்தது. ஆகஸ்டில் சுப்பராவ் இறந்துபோனார். வயது 53.

இனி டி.என்.பி-470. 1992-ல் அது மனிதர்களுக்குக் கொடுத்துப் பார்க்கப்பட்டது. கருப்பை வாய்ப் புற்று நுரையீரல்வரை பரவியிருந்த ஒரு பெண்ணுக்குக் கட்டிகள் முற்றிலும் மறைந்ததாக 1998-ல் டெக்சாஸ் மருத்துவர்கள் எழுதினார்கள். ஆனால் அளவைக் கூட்டியபோது பலருக்குத் தலை சுற்றியது, நடை தள்ளாடியது, நினைவு தடுமாறியது. மருந்தை நிறுத்தினால் சரியாயிற்று. மூளைக்குள் புகாமல் கட்டியின் குழாய்களை மட்டும் பிடிக்கும்படி இந்த மூலக்கூறை எதனோடு பிணைப்பது என்று போக்மன் கூடம் தேடத் தொடங்கியது. அந்தத் தேடலுக்கு அடுத்த வாரம் முழுவதையும் ஒதுக்குகிறேன்.