சங்கும் சக்கரமும்

சென்ற நவம்பரில் ஆயுள் சான்று கொடுக்கப் போயிருந்தேன். விரலை வைத்தால் கருவி ஏற்கவில்லை. "வயசானா ரேகை தேஞ்சிடும் சார், அடுத்த விரலை வைங்க" என்றான் அங்கிருந்த பையன். நான்காவது விரலில்தான் நான் உயிரோடிருப்பது உறுதியானது!

பென்ஷன்காரரின் ரேகையைக் கேட்பது நேற்று வந்த வழக்கமில்லை. 1877-ல் வங்காளத்தின் ஹூக்ளியில் மாஜிஸ்திரேட்டாக இருந்த வில்லியம் ஹெர்ஷல், இறந்தவர் பெயரில் வேறு யாரும் பணம் வாங்கிவிடாதபடி பென்ஷன்காரர்களிடம் ரேகை வாங்கினார். பத்திரப் பதிவிலும் சிறையிலும் அதையே நடைமுறையாக்கினார்.

ஆனால் இது பாதி வேலைதான். "நான் இன்னார்" என்று சொல்பவரின் ரேகையைப் பழைய ரேகையோடு ஒப்பிடுவது எளிது. பிடிபட்டவன் பொய்ப்பெயர் சொன்னால்? ஆயிரக்கணக்கான சீட்டுகளில் அவனுடையதை எப்படித் தேடுவது? இங்கிலாந்தில் பிரான்சிஸ் கால்டன் 1892-ல் ரேகை பற்றிப் புத்தகமே எழுதினார். ஆனாலும் அவர் சொன்ன வகைப்பாடு பெரிய சேகரிப்புக்குப் போதவில்லை.

விடை கிடைத்த இடம் கல்கத்தா. வங்காள போலீஸ் தலைவர் எட்வர்ட் ஹென்றியிடம் இரண்டு சப்-இன்ஸ்பெக்டர்கள் இருந்தார்கள். ஒருவர் பிரசிடென்சி கல்லூரியில் கணிதம் படித்த அஜிசுல் ஹக். மற்றவர் ஹேம் சந்திர போஸ்.

அவர்கள் முறையை நம் பாட்டிமார் பாஷையிலேயே சொல்லலாம். விரல் நுனியில் சங்கா சக்கரமா என்று பார்ப்பார்களே, அதேதான். வலது கட்டைவிரல் 1, வலது சுண்டுவிரல் 5, இடது கட்டைவிரல் 6, இடது சுண்டுவிரல் 10 என்று விரல்களுக்கு வரிசை எண் கொடுங்கள். முதல் ஜோடியில் சக்கரம் இருக்கும் ஒவ்வொரு விரலுக்கும் 16 மதிப்பெண். அடுத்தடுத்த ஜோடிகளுக்கு 8, 4, 2, 1. சக்கரம் இல்லாத விரலுக்குப் பூஜ்யம். இரட்டைப்படை விரல்களின் கூட்டுத்தொகையோடு 1 சேர்த்து மேலே எழுத வேண்டும். ஒற்றைப்படை விரல்களுக்கும் அப்படியே கூட்டிக் கீழே எழுத வேண்டும்.

எனக்கு வலது கட்டைவிரல், வலது மோதிரவிரல், இடது கட்டைவிரல் மூன்றிலும் சக்கரம். மேலே 8+4+1=13; கீழே 16+1=17. ஆக என் எண் 13/17. மேலே 32, கீழே 32 வரை வரலாம் என்பதால் மொத்தம் 1024 அறைகள். அலமாரியில் என் அறையை மட்டும் திறந்தால் போதும். ஒரே அறையில் அதிகம் சேர்ந்தால் மேலும் பிரிக்க உள்வகைகளும் உண்டு.

1897-ல் அரசு இதை ஏற்றது. கல்கத்தாவில் ரேகைப் பிரிவு தொடங்கியது. மறு ஆண்டே சோதனை வந்தது. ஜல்பைகுரியில் ஒரு தேயிலைத் தோட்ட மேலாளர் கொலையுண்டார். அங்கே கிடந்த வங்காளப் பஞ்சாங்கத்தில் ரத்தம் தோய்ந்த ஒரு பெருவிரல் பதிவு. முன்பு திருட்டுக்காகத் தண்டனை பெற்ற பழைய வேலைக்காரனின் சீட்டோடு அது பொருந்தியது. நீதிமன்றம் அவனைத் திருட்டுக்குத் தண்டித்தது; கொலைக் குற்றத்திலிருந்து விடுவித்தது. ரேகை ஆளைச் சொல்லும், நடந்ததை எல்லாம் சொல்லாது என்று அன்றே புரிந்துகொண்ட தீர்ப்பு அது.

1901-ல் ஹென்றி லண்டன் போனார். ஸ்காட்லாந்து யார்டில் அதே முறை வந்தது. 1903-ல் அங்கே போலீஸ் கமிஷனரும் ஆனார். உலகம் அதை 'ஹென்றி முறை' என்றது. கணக்குப் போட்டவர்கள் பெயர் அதில் இல்லை. பல ஆண்டுகள் கழித்து ஹக்குக்குக் கான் பகதூர் பட்டமும் போஸுக்கு ராய் பகதூர் பட்டமும் ஆளுக்கு 5000 ரூபாயும் கிடைத்தன. ஹக்கின் பங்கு பெரிது என்று ஹென்றியே பின்னாளில் ஒப்புக்கொண்டார். ஆனால் முறையின் பெயர் மாறவில்லை.

சர்க்கார் உத்தியோகம் பார்த்தவர்களுக்கு இது புதிதல்ல. குறிப்பு எழுதியவர் ஒருவர், கையெழுத்துப் போட்டவர் இன்னொருவர்!

ஒரு காகிதம் எடுத்து உங்கள் எண்ணையும் கூட்டிப் பாருங்கள். கூட்டும்போது ஹக்கையும் போஸையும் ஒரு நிமிஷம் நினைத்துக்கொள்ளுங்கள்.