வசனம் எழுதப் போனவர்

கொட்டாரத்தில் நண்பர் ஒருவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருந்தோம். கதை எழுதுகிறவன் சினிமாவுக்குப் போகலாமா என்று பேச்சு திரும்பியது. "காசு கெடைக்கும்லா ஓய்! போனா என்ன?" என்றார் நண்பர். எனக்குப் புதுமைப்பித்தன் ஞாபகம் வந்தது.

வசனகர்த்தாவுக்கு அந்த நாளில் மதிப்பே இல்லை என்று சொல்லிவிட முடியாது. 1937இல் 'அம்பிகாபதி'க்கும் 1942இல் 'கண்ணகி'க்கும் வசனம் எழுதிய இளங்கோவனின் பெயருக்காகவே ஜனங்கள் கொட்டகைக்குப் போனதுண்டு. அவரும் 'மணிக்கொடி'யில் எழுதியவர்தாம். ஆகவே, பத்திரிகை வருமானத்தில் குடும்பம் நடத்தித் திண்டாடிய புதுமைப்பித்தன் அந்தப் பாதையில் கால் வைத்ததில் அசட்டுத்தனம் ஏதுமில்லை.

ஜெமினியின் 'அவ்வையார்' படத்துக்கு வேலை செய்தார். பிறகு 'பர்வதகுமாரி புரொடக்ஷன்ஸ்' என்று சொந்தக் கம்பெனி ஆரம்பித்தார். கையிலிருந்தது கரைந்ததே தவிர, படம் ஒன்றும் வரவில்லை. 1947இல் சிறையிலிருந்து மீண்ட தியாகராஜ பாகவதர் 'ராஜமுக்தி' எடுக்கத் தொடங்கியபோது, அதற்கு வசனம் எழுதப் புனாவுக்குப் போனார். அங்கே க்ஷயரோகம் அவரைச் சாய்த்துவிட்டது.

1948 மே மாதம், மனைவியின் ஊரான திருவனந்தபுரம் வந்து சேர்ந்தார். கொட்டாரமும் அன்று திருவிதாங்கூரில்தான் இருந்தது. 1956இல்தான் இந்தப் பக்கம் சென்னை ராஜ்யத்தோடு சேர்ந்தது. நண்பரின் தகப்பனார் காலத்து மனிதர்களுக்குத் தலைநகரம் அதுதான். அங்கே ஜூன் 30ஆம் தேதி, 42 வயதில் கண்ணை மூடினார். 'ராஜமுக்தி' அதற்குப் பிறகுதான் திரைக்கு வந்தது, ஓடவில்லை. 'அவ்வையார்' வந்தது 1953இல்.

அமெரிக்க நாவலாசிரியர் ஸ்காட் பிட்ஸ்ஜெரால்டும் 1937இல் கடன் தொல்லையால் ஹாலிவுட்டுக்குப் போனவர். 1940இல் அங்கேயே மாண்டார். அந்த மூன்றரை வருஷத்தில் அவர் பெயர் தாங்கி வந்த படம் ஒன்றே ஒன்று.

கதை எழுதும்போது எழுத்தாளனே எஜமான். வசனம் எழுதும்போது முதலாளி, டைரக்டர், நடிகர் என்று எஜமானர்கள் பலர். படம் தோற்றால் வசனமும் பெட்டிக்குள் சுருண்டுவிடுகிறது. 'சாபவிமோசன'த்தை இன்றும் படிக்கிறோம். 'ராஜமுக்தி' வசனத்தை யார் தேடுகிறார்கள்?

இதையெல்லாம் சொல்லி முடித்தேன். நண்பர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "அப்போ குத்தம் சினிமா மேல இல்லலா ஓய்! கதைக்கு ஒழுங்கா காசு கொடுத்திருந்தா, மனுசன் ஏன் புனாவுக்குப் போறாரு?" என்றார்.

எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. கதையைக் கொண்டாடுகிற நாம்தாம் அதற்கும் பதில் சொல்ல வேண்டும்.